ஒரு லத்தீன் சொல்லின் வாரிசுகளைத் தேடிப் பிடிப்பது எப்படி: 'சாவி'யை வைத்து ஒரு முழு வழிகாட்டி

ஸ்பானிஷோ பிரெஞ்சோ கற்றுக்கொள்ளத் தொடங்கிக் கொஞ்ச நாள் ஆனதும் பலரும் ஒரு வேலை செய்வார்கள். இரண்டு மொழியிலும் ஒரே மாதிரி இருக்கும் சொற்களைப் பக்கம் பக்கமாக எழுதிவைத்து, 'பார், இரண்டும் லத்தீனிலிருந்து நேராக வந்தவை' என்று முடிவு கட்டிவிடுவார்கள். சில நேரம் சரியாக இருக்கும், பல நேரம் தப்பாகப் போகும். இந்த வழிகாட்டி முழுக்க ஒரே ஒரு விஷயத்தில்தான் பிடிவாதம் பிடிக்கிறது: ஒற்றுமை சான்றே இல்லை. வேறுபாடு ஒழுங்காக, திரும்பத் திரும்ப ஒரே விதத்தில் வந்தால் அதுதான் சான்று. லத்தீனை அப்படியே உரித்துவைத்த மாதிரி இருக்கும் சொல்லைத்தான் முதலில் சந்தேகப்பட வேண்டும், ஏனென்றால் ஆயிரத்து ஐந்நூறு வருஷத்துக்கும் மேல் வாய்வழியாகவே புழங்கிய ஒரு சொல் அடிபடாமல் வந்து சேர்ந்திருக்க வழியில்லை.

எடுத்துக்கொள்ளும் சொல் லத்தீன் 'க்லாவிஸ்'. பொருள் சாவி. இதைத் தேர்ந்தெடுக்க இரண்டு காரணம். ஒன்று, ஒரே ஒலிக்கூட்டு ஒவ்வொரு மொழியிலும் எப்படி உடைகிறது என்று இதைவிடத் தெளிவாகக் காட்டும் சொற்கள் குறைவு. இரண்டாவது, நாம் வீட்டில் சொல்லும் 'சாவி'யும் இந்தக் குடும்பம்தான், போர்ச்சுக்கீசியர் வழியாக வந்தது. அதைக் கடைசியில் பார்ப்போம்.

தொடங்குமுன் எழுத்து பற்றி ஒன்று. இங்கே எல்லாவற்றையும் தமிழ் எழுத்தில், ஒலிப்படி எழுதுகிறேன். இந்தச் சொல்லுக்கு அது நல்லதுதான். ஏனென்றால் ரோமன் எழுத்தில் 'சி'யும் 'எச்'சும் சேர்ந்தால் இத்தாலியனிலும் ருமேனியனிலும் 'க' ஒலி, பிரெஞ்சிலும் இன்றைய போர்ச்சுக்கீசிலும் 'ஷ', ஸ்பானிஷில் பச்சை என்பதில் வரும் 'ச்ச'. எழுத்தைப் பார்த்து ஒப்பிட்டால் இத்தாலியனும் போர்ச்சுக்கீசும் ஒன்றுபோலத் தெரியும், காதால் கேட்டால் இரண்டுக்கும் சம்பந்தமே இல்லை. ஆகவே எப்போதும் ஒலியை எழுதுங்கள்.

முதல் படி: சரியான லத்தீன் வடிவத்தை எடுங்கள்

அகராதியில் இருப்பது எழுவாய் வடிவம், 'க்லாவிஸ்'. அதை வைத்துத் தொடங்கினால் எங்கும் போய்ச் சேர முடியாது. ரொமான்ஸ் மொழிகளின், அதாவது லத்தீனிலிருந்து பிறந்த மொழிகளின், பெயர்ச்சொற்கள் பெரும்பாலும் செயப்படுபொருள் வடிவத்திலிருந்து, அதாவது நம் இரண்டாம் வேற்றுமைக்கு இணையானதிலிருந்து வந்தவை. இங்கே அது 'க்லாவெம்'. கடைசி 'ம்' பேச்சில் மிகச் சீக்கிரமே உதிர்ந்துவிட்டது, ஆகவே கையில் மிஞ்சுவது 'க்லாவெ'.

இந்த வித்தியாசம் எவ்வளவு முக்கியம் என்று தெரிய, 'இரவு' என்ற சொல்லைப் பாருங்கள். எழுவாய் 'நொக்ஸ்', செயப்படுபொருள் 'நொக்தெம்'. ஸ்பானிஷ் 'நோச்செ', இத்தாலியன் 'நோத்தெ', ருமேனியன் 'நொவாப்தெ' எல்லாவற்றிலும் அந்த 'த' இருக்கிறது, அல்லது இருந்த தடம் இருக்கிறது. 'நொக்ஸ்' என்பதிலிருந்து இவை வரவே முடியாது. விதிவிலக்கு உண்டு, இத்தாலியனில் மனிதனைக் குறிக்கும் 'உவோமோ' எழுவாயிலிருந்தே வந்தது. ஆள்களைக் குறிக்கும் சில சொற்களில் இப்படி நடக்கும், பொருள்களில் அரிது.

அப்புறம் இன்னொன்று: லத்தீன் காலத்து 'வ', பல்லும் உதடும் உரசும் ஆங்கில 'வி' அல்ல. இரண்டு உதடும் குவிகிற 'வ்', கிட்டத்தட்ட உகரத்துக்குப் பக்கத்தில் இருப்பது. இதை ஞாபகம் வைத்துக்கொண்டால், ஸ்பெயினின் பார்சலோனா பக்கம் பேசும் கேட்டலன் மொழிக்கு வரும்போது குழப்பம் இருக்காது.

இரண்டாம் படி: எல்லா மொழியிலிருந்தும் வடிவங்களைச் சேருங்கள், சின்ன மொழிகளை விடாதீர்கள்

போர்ச்சுக்கீஸ்: ஷாவெ, பிரேசிலில் ஷாவி
காலிசியன் (ஸ்பெயினின் வடமேற்கு மூலை): ச்சாவெ
ஸ்பானிஷ்: யாவெ, பழைய உச்சரிப்பு ல்யாவெ
கேட்டலன்: க்லௌ
பிரெஞ்சு: க்லே
இத்தாலியன்: க்யாவெ
ஃப்ரியூலியன் (இத்தாலியின் வடகிழக்கு): க்லாஃப்
சார்டீனியன் (இத்தாலியின் சார்டீனியா தீவு): க்ராயெ
ருமேனியன்: கேயெ

பெரிய ஐந்து மொழிகளோடு நிறுத்திக்கொள்கிறவர்கள்தான் அதிகம். ஆனால் இடையில் நடந்ததைக் காட்டிக்கொடுப்பவை சின்ன மொழிகள். காலிசியனில் இன்றும் 'ச்ச' இருக்கிறது. போர்ச்சுக்கீசும் அதுவும் ஒரு காலத்தில் ஒரே மொழி. ஆகவே போர்ச்சுக்கீசின் 'ஷ' முன்பு 'ச்ச'வாக இருந்திருக்க வேண்டும் என்று ஊகிக்கலாம். அந்த ஊகம் சரிதான். வடக்குப் போர்ச்சுகலின் கிராமப் பேச்சில் அந்தப் பழைய ஒலி இன்னும் கேட்கிறது.

ஸ்பானிஷிலும் ஒரே உச்சரிப்பு என்று நினைக்க வேண்டாம். பெரும்பாலான இடங்களில் 'யாவெ'. அர்ஜென்டினாவின் போனஸ் ஐரிஸ் பக்கம் போனால் 'ஷாவெ'. போர்ச்சுக்கீசோடு பொருந்துகிறதே என்று துள்ளாதீர்கள்; இரண்டும் வேறு வேறு பாதையில் நடந்து தற்செயலாக ஒரே இடத்தில் வந்து நிற்கின்றன. ஒற்றுமை சான்று இல்லை என்று சொன்னேனே, அதற்கு முதல் உதாரணம் இது.

மூன்றாம் படி: சொல்லைத் துண்டு போட்டு, ஒவ்வொரு துண்டுக்கும் விதி தேடுங்கள்

முழுச் சொல்லையும் ஒன்றாக வைத்து முறைத்துப் பார்த்தால் ஒன்றும் பிடிபடாது. தலை, உயிர், இடை, கடை என்று பிரியுங்கள்.

தலையில் இருப்பது 'க்ல'. இது 'ப்ல', 'ஃப்ல' ஆகிய இரண்டோடும் சேர்ந்து நடக்கிற கூட்டம். பிரெஞ்சும் கேட்டலனும் மூன்றையும் தொடாமல் வைத்துக்கொண்டன. இத்தாலியன் மூன்றிலும் 'ல'வை 'ய' ஆக்கியது: க்ய, ப்ய, ஃப்ய. ஸ்பானிஷ் முதல் மெய்யையே விழுங்கிவிட்டு மூன்றையும் 'ல்ய' ஆக்கியது, அது இன்று பெரும்பாலும் 'ய'. போர்ச்சுக்கீஸ் இன்னும் ஒரு படி தாண்டி மூன்றையும் 'ச்ச', பிறகு 'ஷ' ஆக்கியது. ருமேனியன் மட்டும் தனி ரகம்: 'க்ல' மாறும், 'ப்ல'வும் 'ஃப்ல'வும் மாறாது.

இது வெறும் வாய்ப்பேச்சா என்று சோதிக்க வேண்டுமே. வேறு சொற்களை உள்ளே விடுங்கள். 'நிறைந்த' என்பதற்கு லத்தீன் 'ப்லேனுஸ்': பிரெஞ்சு ப்லேன் (மூக்கால் ஒலிக்க வேண்டும்), இத்தாலியன் ப்யேனோ, ஸ்பானிஷ் யேனோ, போர்ச்சுக்கீஸ் ஷேயு, ருமேனியன் ப்லின். மழைக்கு 'ப்லுவியா': பிரெஞ்சு ப்லுயி, இத்தாலியன் ப்யோஜ்ஜா, ஸ்பானிஷ் யூவ்யா, போர்ச்சுக்கீஸ் ஷூவா, ருமேனியன் ப்லொவாயெ. தீச்சுடருக்கு 'ஃப்லம்மா': பிரெஞ்சு ஃப்லாம், இத்தாலியன் ஃப்யாம்மா, ஸ்பானிஷ் யாமா, போர்ச்சுக்கீஸ் ஷாமா. கூப்பிடுவதற்கு 'க்லாமாரெ': இத்தாலியன் க்யாமாரெ, ஸ்பானிஷ் யாமார், போர்ச்சுக்கீஸ் ஷாமார், ருமேனியன் கெமா. இதற்கு மேல் தற்செயல் என்று யாரும் சொல்ல முடியாது. இந்த மழையையும் தீயையும் மனப்பாடம் செய்துகொண்டால் போதும், வேறு எந்தச் சொல் வந்தாலும் அளவுகோல் கையில் இருக்கிறது.

ஒரு எச்சரிக்கை. இந்த விதி சொல்லின் தொடக்கத்துக்கு மட்டும். நடுவில் 'க்ல' வந்தால் கதை வேறு. கண்ணுக்கு லத்தீன் 'ஒகுலும்'. பேச்சில் அது 'ஒக்லு' என்று சுருங்கிவிட்டது, அப்படிச் சொல்லாதே என்று திருத்துகிற ஒரு பழைய லத்தீன் பட்டியலே இருக்கிறது, அப்பென்டிக்ஸ் ப்ரோபி என்பார்கள். வாத்தியார் எவ்வளவு திருத்தினாலும் ஊர் கேட்கவில்லை, வென்றது 'ஒக்லு'தான். அதிலிருந்து இத்தாலியன் ஓக்கியோ, ருமேனியன் ஓக்கி, ஆனால் ஸ்பானிஷ் ஓஹோ, போர்ச்சுக்கீஸ் ஓல்யு. பார்த்தீர்களா, ஸ்பானிஷில் 'ய' இல்லை, போர்ச்சுக்கீசில் 'ஷ' இல்லை. இடம் மாறினால் விதி மாறும்.

உயிர் 'ஆ'. எல்லோரும் அப்படியே வைத்துக்கொண்டார்கள், பிரெஞ்சைத் தவிர. அழுத்தம் விழும் திறந்த அசையில், அதாவது உயிரொலியில் முடியும் அசையில், இருக்கும் 'அ', 'ஆ' எல்லாம் பிரெஞ்சில் 'எ', 'ஏ' ஆகிவிடும்: கடல் 'மாரெ' → மேர், மூக்கு 'நாசும்' → நே. ஆகவே க்லாவெ → க்லே. ருமேனியனிலும் 'ஏ' வந்திருக்கிறதே என்றால், அது வேறு காரணம்: இரண்டு பக்கமும் இருந்த ய-ஒலிகளின் இழுப்பு. விளைவு ஒன்றாக இருந்தாலும் வழி வேறு.

இடையும் கடையும் சேர்ந்தே நடக்கின்றன. இதற்கு 'க்லாவெம்' என்பதோடு எதுகை போட்ட மாதிரி இருக்கும் 'நாவெம்' (கப்பல்) நல்ல துணை. கேட்டலனில் கடைசி 'எ' விழுந்தது, தனியாக நின்ற 'வ்' உகரமாகக் கரைந்தது: க்லௌ, நௌ. பழைய பிரெஞ்சில் 'எ' விழுந்தபின் கடைசியில் நின்ற 'வ்' கெட்டியாகி 'ஃப்' ஆனது: க்லெஃப், நெஃப். ருமேனியனில் இரண்டு உயிருக்கு நடுவில் வந்த 'வ்' காணாமலே போனது, ஆட்டைக் குறிக்கும் 'ஒவெம்' அங்கே 'ஒவாயெ' ஆனது போல.

பிரெஞ்சில் சாவிக்கு இன்றும் இரண்டு எழுத்துமுறை உண்டு, ஒன்று கடைசியில் 'எஃப்' போட்டு, ஒன்று போடாமல். உச்சரிப்பு இரண்டுக்கும் 'க்லே'. பன்மையில் 'ஸ்' ஒட்டும்போது முன்னால் இருந்த 'ஃப்' விழுந்துவிடும், அந்தப் பன்மையிலிருந்து மறுபடி ஒருமையை உண்டாக்கியதால் 'ஃப்' இல்லாத வடிவம் வந்தது. சாவிகள் எப்போதும் கொத்தாகத்தானே இருக்கின்றன, பன்மை வென்றதில் ஆச்சரியம் இல்லை.

நான்காம் படி: வீட்டுப் பிள்ளையையும் புத்தகத்திலிருந்து வந்ததையும் பிரியுங்கள்

இதுதான் பலரும் வழுக்கும் இடம். ஸ்பானிஷில் 'யாவெ' தவிர 'க்லாவெ' என்றும் ஒரு சொல் இருக்கிறது. லத்தீனுக்கு அச்சு அசலாக இருப்பது அதுதான், அப்படியானால் அதுதானே நேர் வாரிசு? இல்லை. மேலே சொன்ன விதிப்படி ஸ்பானிஷில் தொடக்கத்து 'க்ல' தப்பிப் பிழைக்கக் கூடாது. தப்பியிருக்கிறது என்றால் அது வாய்வழியாக வரவில்லை, படித்தவர்கள் லத்தீன் ஏட்டிலிருந்து பிற்காலத்தில் எடுத்துப் போட்டது.

எடுத்துப் போட்ட பிறகு இரண்டு சொல்லும் வேலையைப் பங்கு போட்டுக்கொண்டதுதான் அழகு. கையில் பிடிக்கிற உலோகச் சாவி 'யாவெ'. கண்ணுக்குத் தெரியாத சாவியெல்லாம் 'க்லாவெ': ரகசியக் குறியீடு, கடவுச்சொல், இசைத்தாளில் வரியின் தொடக்கத்தில் போடும் சுருதிக்குறி, வளைவின் உச்சியில் வைக்கும் முடிவுக்கல், 'முக்கியமான' என்ற பெயரடை, எல்லாம். தேடுசொல்லுக்கு ஸ்பானிஷில் 'பலாப்ரா க்லாவெ', 'பலாப்ரா யாவெ' அல்ல. இத்தாலியனில் இந்தப் பிரிவினையே இல்லை. கதவுச் சாவியும் க்யாவெதான், தேடுசொல்லும் 'பரோலா க்யாவெ'தான். பிரெஞ்சிலும் ஒரே சொல்தான். போர்ச்சுக்கீஸ் நடுவில் நிற்கிறது: தேடுசொல் 'பலாவ்ரா ஷாவெ', ஆனால் இசைக்குறி மட்டும் 'க்லாவெ'.

இப்படி இரட்டையாக வருவதை எங்கும் எதிர்பாருங்கள். 'தட்டையான' என்ற பொருள் கொண்ட 'ப்லானுஸ்' என்ற சொல் போர்ச்சுக்கீசில் நான்கு வழியில் நுழைந்திருக்கிறது: வாய்வழியாக வந்து தரையைக் குறிக்கும் 'ஷாவ்ன்', ஏட்டுவழி 'ப்லானு', ஸ்பானிஷிலிருந்து கடன் வாங்கிய 'ல்யானு', இத்தாலியனிலிருந்து வந்த 'பியானு'. ஆமாம், அந்த பியானோ வாத்தியமேதான். உருவத்தைப் பார்த்தே எது எந்த வாசலில் வந்தது என்று இப்போது உங்களால் சொல்ல முடியும்.

பாதி விதிப்படி, பாதி விலகி நடக்கிற சொற்களும் உண்டு. போர்ச்சுக்கீசில் ஆணிக்குச் சொல்லும் 'க்ராவு' லத்தீன் 'க்லாவுஸ்' என்பதிலிருந்து வந்தது. ஷ-வும் இல்லை, 'க்ல'வும் இல்லை, 'க்ர' வந்திருக்கிறது. பொதுச்சதுக்கத்தைக் குறிக்கும் 'ப்ராஸா'வும் அப்படித்தான். முழுசாக ஊர்ப்பேச்சிலும் சேராமல் முழுசாக ஏட்டிலும் சேராமல் நடுவில் வந்தவை என்று இவற்றைத் தனியாக ஒதுக்கி வையுங்கள்.

ஐந்தாம் படி: பொருள் எங்கெல்லாம் போயிருக்கிறது என்று பாருங்கள்

ஒலியை முடித்த பிறகுதான் பொருளுக்கு வர வேண்டும், மாற்றிச் செய்தால் கற்பனை ஓடத் தொடங்கிவிடும்.

சாவி என்பது திறப்பது, பூட்டுவது, திருகுவது, இறுக்கிப் பிடிப்பது. இந்த நான்கில் ஏதாவது ஒன்றைப் பிடித்துக்கொண்டு பொருள் நகர்கிறது. திருகுவதைப் பிடித்தால் பட்டறைக்குப் போகலாம்: ஸ்பானர் என்று நாம் சொல்வது ஸ்பானிஷ், போர்ச்சுக்கீஸ், இத்தாலியன், பிரெஞ்சு நான்கிலும் சாவிதான். அதிலும் வாய் அகலத்தைக் கூட்டிக் குறைக்கிற ஸ்பானருக்கு 'இங்கிலீஷ் சாவி' என்று பெயர். ருமேனியாவில் அதையே 'பிரெஞ்சுச் சாவி' என்பார்கள். போர்ச்சுக்கீசில் ஸ்க்ரூடிரைவரும் ஒரு வகைச் சாவி. மெக்சிகோவில் தண்ணீர்க் குழாயும் யாவெ. மல்யுத்தத்தில் எதிராளியை அசையவிடாமல் போடும் பிடியும் ஸ்பானிஷில் யாவெதான், இறுக்கிப் பிடிப்பது அங்கே வேலை செய்கிறது. கணக்கிலும் நிரலிலும் வரும் நெளிந்த அடைப்புக்குறிகளுக்கும் ஸ்பானிஷ், போர்ச்சுக்கீஸ் இரண்டிலும் பன்மையில் 'சாவிகள்' என்று பெயர்.

பிரெஞ்சில் பென்டிரைவ் 'யூஎஸ்பி சாவி'. 2020 நவம்பரில் பிரேசிலின் மத்திய வங்கி தொடங்கிய 'பிக்ஸ்' என்ற உடனடிப் பணப்பரிமாற்றத்தில், நாம் யூபிஐ ஐடி என்று சொல்வதற்கு இணையான அடையாளத்துக்கு 'ஷாவி பிக்ஸ்' என்று பெயர். அதே பிரேசிலில் விளையாட்டுப் போட்டியில் யார் யாரோடு மோத வேண்டும் என்ற பிரிவும் ஷாவிதான்.

எனக்கு மிகப் பிடித்தது ருமேனியன். அங்கே இந்தச் சொல்லின் பன்மைக்கு இரண்டு பாறைச் சுவர்களுக்கு நடுவே ஆறு நெருக்கிக்கொண்டு ஓடும் குறுகிய பள்ளத்தாக்கு என்ற பொருளும் இருக்கிறது. டுர்டா ஊருக்குப் பக்கத்தில் இருக்கும் பெயர்பெற்ற பள்ளத்தாக்கின் பெயரே 'கெய்லெ டுர்ஸி', சொல்லுக்குச் சொல் எடுத்தால் 'டுர்டாவின் சாவிகள்'.

சின்னச் சாவி என்ற பொருளில் லத்தீனில் 'க்லாவிகுலா' என்று ஒரு சொல் உண்டு. மருத்துவர்கள் கழுத்துக்குக் கீழே இருக்கும் காறை எலும்புக்கு வைத்த பெயர் அதிலிருந்துதான். ஆனால் ஊர்ப்பேச்சில் அது வேறு வழியில் போனது. ஒரே சொல்லில் இரண்டு 'ல' இருந்ததால் முதலாவது உதிர்ந்து 'கவிக்லா' மாதிரி ஆகி, பிரெஞ்சில் 'ஷெவீய்' ஆனது; பொருள் மர முளை, அப்புறம் கணுக்கால், முளை மாதிரி புடைத்து நிற்பதால். இத்தாலியனில் கணுக்கால் 'கவீல்யா'. இங்கே நிறுத்துங்கள். நடுவில் வரும் 'க்ல' இத்தாலியனில் 'க்கிய' ஆக வேண்டும் என்று ஓக்கியோவில் பார்த்தோமே, இங்கே 'ல்ய' ஏன்? ஏனென்றால் கவீல்யா தெற்குப் பிரான்சின் ஆக்ஸிடன் மொழியிலிருந்து வாங்கிய கடன். இத்தாலியனின் சொந்த வடிவம் 'கவிக்கியோ', அது இன்றும் மர முளையைத்தான் குறிக்கிறது. விதி கையில் இருந்தால் ஒரு எழுத்தை வைத்தே கடனைக் கண்டுபிடித்துவிடலாம்.

பூட்டுகிற பக்கம் போனால் 'கான்க்லாவெ'. பழைய லத்தீனிலேயே சாவி போட்டுப் பூட்டக்கூடிய அறை என்று பொருள். 1268இல் போப் நான்காம் கிளெமென்ட் இறந்தபின் இத்தாலியின் விட்டெர்போ நகரில் கூடிய கர்தினால்கள் 1271 வரை புதுப் போப்பைத் தேர்ந்தெடுக்காமல் இழுத்தடிக்க, ஊர்க்காரர்கள் அவர்களை உள்ளே வைத்துப் பூட்டினார்கள். தேர்வான பத்தாம் கிரிகோரி 1274இல் பிரான்சின் லியோன் நகரில் கூடிய திருச்சபைப் பேரவையில் அதையே விதியாக்கிவிட்டார். இன்றைக்கும் போப் தேர்தலுக்கு அதே பெயர்.

பயணம் போகிறவர்களுக்கு ஒரு தனிக் குறிப்பு: இத்தாலியனில் 'க்யாவாரெ' என்று ஒரு வினை இருக்கிறது. பூட்டுவது என்று நினைத்து ஓட்டல் வரவேற்பறையில் சொல்லிவைக்காதீர்கள், இன்று அது கெட்ட வார்த்தை. பூட்டுவதற்கு 'க்யூதெரெ ஆ க்யாவெ' என்று சொல்ல வேண்டும்.

ஆறாம் படி: பொருள் தலைகீழானாலும் பயப்படாதீர்கள்

சாவி பொருளில் சாதுவான சொல். எல்லாச் சொல்லும் அப்படி இருக்காது. 'மடி' என்ற பொருள் கொண்ட 'ப்லிகாரெ' என்ற வினையைப் பாருங்கள். இத்தாலியன் ப்யேகாரெ, பிரெஞ்சு ப்லியே, இரண்டும் மடிப்பதுதான். ஸ்பானிஷ் யெகார், போர்ச்சுக்கீஸ் ஷெகார் என்றால் 'வந்து சேர்'. ருமேனியன் ப்லெகா என்றால் 'கிளம்பிப் போ'. ஒரே சொல் ஐரோப்பாவின் ஒரு மூலையில் வருகை, மறு மூலையில் புறப்பாடு.

பொருளை மட்டும் பார்த்தால் யாரும் இவற்றை ஒன்றாகச் சேர்க்கமாட்டார்கள். ஒலியைப் பாருங்கள்: பிரெஞ்சு ப்ல, இத்தாலியன் ப்ய, ஸ்பானிஷ் ய, போர்ச்சுக்கீஸ் ஷ, ருமேனியன் ப்ல. மழைக்கு வந்த அதே வரிசை, துளி பிசகாமல். அப்புறம்தான் ஏன் என்று கேட்க வேண்டும். வழக்கமாகச் சொல்லும் விளக்கம், கடற்கரையில் பாயை மடித்தால் வந்தாயிற்று, படைவீரனும் இடையனும் கூடாரத்தை மடித்தால் கிளம்பியாயிற்று என்பது. கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் ஸ்பானிஷ் பக்கத்துக்கு அதைவிட உறுதியான ஆதாரம் உண்டு: கப்பலைக் கரைக்கு ஒட்டிக் கொண்டுவருவதற்கு லத்தீனில் 'அப்லிகாரெ' என்றே சொன்னார்கள், நான்காம் நூற்றாண்டின் கடைசியில் எருசலேம் யாத்திரை போன எகேரியாவின் பயணக் குறிப்பில் 'ப்லிகாரெ' நெருங்கிப் போவது என்ற பொருளில் வருகிறது. கேட்டலனில் இது 'வேலையை முடித்துக் கிளம்பு' என்ற பொருளிலும் புழங்குகிறது. ருமேனியனின் 'கிளம்பு' அவ்வளவு விசித்திரமில்லை என்று அதைப் பார்த்தால் தோன்றும்.

ஏழாம் படி: பொய்ச் சொந்தங்களை வெட்டுங்கள்

வடக்குப் போர்ச்சுகலில் 'ஷாவெஷ்' என்று ஒரு ஊர். எழுத்திலும் ஒலியிலும் 'சாவிகள்' என்ற சொல்லேதான். சாவிக்கும் ஊருக்கும் சம்பந்தம் இல்லை. ரோமர் காலத்தில் அதன் பெயர் 'அக்வே ஃப்லாவியே', ஃப்லாவியன் பேரரசர்களின் வெந்நீர் ஊற்றுகள். 'ஃப்ல'வும் போர்ச்சுக்கீசில் 'ஷ' ஆகும் என்று மூன்றாம் படியில் பார்த்தோம். ஃப்லாவீஸ் → ஷாவெஷ். வேறு வேறு வாசலில் நுழைந்த இரண்டு சொல் ஒரே உருவத்தில் வெளியே வந்துவிட்டன.

ஸ்பானிஷ் 'யாமா' இதைவிட மோசம். தீச்சுடர் என்றால் ஃப்லம்மாவிலிருந்து. 'கூப்பிடுகிறான்' என்றால் க்லாமாரெ என்பதிலிருந்து. ஆண்டீஸ் மலையில் சுமை தூக்கும் விலங்கு என்றால் லத்தீனே இல்லை, கெச்சுவா மொழி. கேட்டலன் 'க்லௌ' பெண்பாலில் சாவி, ஆண்பாலில் ஆணி. பெயர்ச்சொல்லின் பாலையும் சேர்த்துக் குறித்துவைக்கச் சொல்வது இதற்காகத்தான்.

சந்தேகம் வந்தால் எங்கே பார்ப்பது? பிரெஞ்சுக்குத் 'த்ரேஸோர்' என்ற பேரகராதி இணையத்தில் இலவசம், சொல்வரலாறு ஒவ்வொரு பதிவின் அடியிலும் இருக்கும். ருமேனியனுக்கு 'டெக்ஸ்ஆன்லைன்'. ஸ்பானிஷுக்குக் கொரொமினாஸ் தொகுத்த சொற்பிறப்பகராதி. எல்லா ரொமான்ஸ் மொழிக்கும் சேர்த்து என்றால் மேயர்-லூப்கெயின் ஜெர்மன் அகராதி. பழசுதான், சில பதிவுகளை இன்று யாரும் ஏற்பதில்லை, ஆனாலும் லத்தீன் சொல்லைத் தலைப்பாக வைத்து எல்லா வாரிசுகளையும் ஒரே இடத்தில் அடுக்கியிருப்பதால் தொடக்கத்துக்கு அதுதான் வசதி.

எட்டாம் படி: சொல் வேறு குடும்பத்துக்குப் போயிருந்தால்

சரி, நம் சாவி. இது எந்த ரொமான்ஸ் மொழியிலிருந்து வந்தது என்று வரலாற்றைத் திறக்காமல் ஒலியை மட்டும் வைத்தே சொல்ல முடியுமா? முடியும். பிரெஞ்சு க்லே, இத்தாலியன் க்யாவெ இரண்டிலும் முதலில் 'க்' இருக்கிறது. தமிழ் அதை ஏன் 'ச' ஆக்க வேண்டும்? ஸ்பானிஷ் ல்யாவெயிலிருந்து வந்திருந்தால் 'லாவி' என்றோ 'யாவி' என்றோ ஆகியிருக்கும். மிஞ்சுவது போர்ச்சுக்கீஸ் மட்டும். 1498இல் கோழிக்கோட்டுக்கு வந்தவர்கள், 1530களில் முத்துக்குளித்துறைப் பரதவரோடு உறவு வைத்தவர்கள், 1658 வரை நாகப்பட்டினத்தில் இருந்தவர்கள் என்ற வரலாறு அதற்கு அப்புறம் வந்து பொருந்துகிறது.

இன்னும் ஒரு கேள்வி: வாங்கியபோது அது 'ச்சாவெ'யா, 'ஷாவெ'யா? தமிழை மட்டும் வைத்துத் தீர்ப்புச் சொல்ல முடியாது. சொல் முதலில் வரும் நம் 'ச' எல்லா ஒலிக்கும் இடம் கொடுக்கும். செருப்புக்கு வந்த போர்ச்சுக்கீஸ் 'ஸபாத்து'கூட நம்மிடம் சப்பாத்துதான். ஆகவே பக்கத்து மொழிகளைக் கேட்க வேண்டும். இந்தியில் இது 'ச்சாபி'. இந்தியில் 'ஷ'வுக்குத் தனி எழுத்தும் ஒலியும் இருந்தும் 'ச்ச'தான் எழுதினார்கள், வங்காளியிலும் அப்படியே. ஆகவே சொல் இந்தியாவுக்கு வந்தபோது போர்ச்சுக்கீசில் இன்னும் 'ச்ச' ஒலிதான் இருந்தது. அது 'ஷ' ஆனது 17ஆம் நூற்றாண்டிலிருந்துதான் பரவியது. போர்ச்சுகலின் தலைநகரில் தொலைந்த ஒலி இங்கே பத்திரமாக இருக்கிறது. இலங்கைத் தமிழில் சாவிக்குத் 'திறப்பு' என்கிறார்கள். அதே போர்ச்சுக்கீசியர் அங்கேயும் ஆண்டார்கள், ஆனாலும் இந்த ஒரு பொருளுக்கு அங்கே சொந்தச் சொல் நிலைத்துவிட்டது.

அடுத்து நீங்களே செய்து பார்க்க 'மேசை'யை எடுங்கள், அதுவும் போர்ச்சுக்கீஸ் வழிதான். லத்தீன் 'மென்ஸா', செயப்படுபொருள் 'மென்ஸாம்'. போர்ச்சுக்கீசிலும் ஸ்பானிஷிலும் 'மெஸா' என்று எழுதுவார்கள், ருமேனியனில் 'மஸ', பிரெஞ்சில் தச்சு வேலையில் மட்டும் வரும் 'முவாஸ்'. நான்கிலும் 'ஸ'வுக்கு முன்னால் இருந்த 'ன்' இல்லை. இத்தாலியனில் கல்லூரி, அலுவலக உணவகத்தை 'மென்ஸா' என்கிறார்கள், 'ன்' அப்படியே இருக்கிறது. அது எந்த வாசல் வழியாக வந்திருக்கும் என்று நான்காம் படியை வைத்துச் சொல்லிவிடலாம்.